வெள்ளை நாரை இறங்கிய நேரம்

பிப்ரவரி 3

இன்றும் நாரை வரவில்லை. காலையிலிருந்து நிலையத்தின் இறங்குதளத்தில் காத்து நின்று கால் கடுத்ததுதான் மிச்சம். உட்கார்ந்திருந்தது என்னவோ சோபாவில்தான், ஆனாலும் கடுக்கிறது. வந்ததெல்லாம் சாம்பல் நிறச் சரக்குக் கப்பல்கள். நடுவில் வண்டு மாதிரி ஒரு பச்சைக் கப்பல். மறுபடியும் சரக்குக் கப்பல்.

மதியம் மருந்துக் கடையிலிருந்து சாப்பிட வந்த வீட்டுக்காரி, செருப்பைக் கழற்றும்போதே திரையைப் பார்த்தாள். "அப்படி என்னதான் தேடுறீங்க? எனக்கும் புரியுற மாதிரி சொல்லுங்களேன்."

சின்னப் பேச்சென்றால் என் உதட்டைப் பார்த்தே புரிந்துகொள்வாள். இது பெரிய பேச்சு. பலகையை எடுத்து எழுதினேன்: இது விண்வெளி விளையாட்டு. எண்ண முடியாத அளவு சூரியன்கள். ஒவ்வொரு சூரியன் பக்கத்திலும் ஒரு நிலையம். யார் யாருடைய கப்பலோ வந்து இறங்கும், கொஞ்ச நேரம் நிற்கும், போய்விடும். பிடித்திருந்தால் அது கிளம்புவதற்குள் ஓட்டியிடம் விலை பேசி வாங்கிவிட வேண்டும். வெள்ளை நாரை என்று ஒரு கப்பல் இருக்கிறது. அதைப் பார்த்தவர்களே கொஞ்சம் பேர்.

"விலை பேசியா? நீங்களா?"

பட்டனை அழுத்தினால் போதும் என்று கட்டைவிரலைக் காட்டினேன்.

"அப்பாடா. அந்த ஆள்கிட்டயும் நான்தான் போய் பேரம் பேசணுமோன்னு பயந்துட்டேன்."

சிரித்தேன். என் சிரிப்பில் இப்போது சத்தம் கிடையாது. கழுத்துத் துளையில் காற்று புஸ்ஸென்று வரும், அவ்வளவுதான். அவள் அதற்கும் பழகிவிட்டாள்.

பிப்ரவரி 7

மச்சான் வந்திருந்தான். அவள் தம்பி. லிஃப்ட் மெக்கானிக். புற்று வந்த குரல்வளையை எடுத்துவிட்டு நான் வீடு திரும்பிய வாரம் இந்த விளையாட்டுப் பெட்டியைக் கொண்டுவந்து டிவியில் மாட்டியவன் இவன்தான். "மாமா, இதுக்கு வாயே வேண்டாம், விரல் போதும்" என்று சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டான். பாவம். எதைச் சொன்னாலும் அது என் தொண்டையில் போய் முட்டும் காலம் அது.

இன்று அக்காவும் தம்பியும் சமையலறையில் என்னவோ குசுகுசுவென்று பேசினார்கள். நான் போனதும் நிறுத்திக்கொண்டார்கள். என்னைப் பற்றித்தான் இருக்கும். நோயாளி வீட்டில் வேறு என்ன பேச்சு.

பிப்ரவரி 16

சவரம் செய்யும்போது கையில் தட்டுப்பட்டது. துளைக்கு மேலே, இடது பக்கம். பட்டாணி அளவு. அழுத்தினால் வலிக்கவில்லை. வலிக்காததுதான் ஆபத்து என்று ஆபரேஷன் செய்த டாக்டர் ஒருமுறை சொன்னாரே?

கண்ணாடி முன்னால் ரொம்ப நேரம் நின்றேன். அவள் கதவைத் தட்டி, "தூங்கிட்டீங்களா உள்ள?" என்றாள்.

சொல்லவில்லை.

பிப்ரவரி 17

மறுபடியும் ஆபரேஷன், மறுபடியும் கதிர்வீச்சு, மறுபடியும் அவள் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்தபடியே தூங்குவது — முடியாது. என்னால் முடியாது. அவளால் சுத்தமாக முடியாது.

நாரை கிடைக்கட்டும். கிடைத்த மறுநாள் போய்க் காட்டிவிடலாம். இதுதான் என் கணக்கு.

பிப்ரவரி 24

கரிச்சானோடு சேர்ந்து தேடினேன். நிஜப் பெயர் தெரியாது, விளையாட்டில் வைத்துக்கொண்ட பெயர் அது. எந்த ஊரோ. காலை நேரத்தில்தான் வருவான். வேலை தேடும் பையனாக இருப்பான் என்று நினைக்கிறேன். திரையின் ஓரத்தில் எழுதிக்கொள்வோம். அவன் ஒரு நிலையத்தில் நிற்பான், நான் அடுத்த சூரியனில் நிற்பேன். "இங்க ஒண்ணும் தேறல அண்ணாச்சி, அங்க?" "ஒண்ணும் இல்ல."

ஒருநாள் மைக்கில் பேசலாமா என்று கேட்டான். தொண்டை சரியில்லை என்று எழுதினேன். பொய் இல்லை. அவன் அப்புறம் கேட்கவே இல்லை. நல்ல பிள்ளை.

மார்ச் 2

சந்தைக்காரர் ஒருவர் வழியில் பார்த்து நின்றார். "நீங்க போனதுக்கு அப்புறம் ஏலமே களை கட்டலை. இப்ப இருக்கிறவன் மைக் வெச்சு கத்துறான், மூணாவது வரிசைக்குக்கூட போய்ச் சேரலை" என்றார். பக்கத்தில் நின்ற வீட்டுக்காரி எனக்காகப் பதில் சொன்னாள்: "இவர் கத்தினா எங்க வீட்டு ஜன்னலே ஆடும்."

மொத்தச் சந்தையில் காய்கனி ஏலம் விட்டு வளர்ந்த தொண்டை. தக்காளிக் கூடை, வெங்காய மூட்டை எல்லாம் என் வாயிலிருந்துதான் விலையாகும். மைக்கைத் தொட்டதே கிடையாது.

வீட்டுக்கு வந்ததும் அவள் மெதுவாக ஆரம்பித்தாள். "அந்த மிஷினை ஒரு தடவை எடுத்துப் பாருங்களேன்."

ஆஸ்பத்திரியில் கொடுத்த பேச்சுக் கருவி. கழுத்தில் வைத்து வாயசைத்தால் தகர டப்பாவுக்குள் வண்டு மாட்டிக்கொண்ட மாதிரி ஒரு சத்தம் வரும். அதுதான் இனி என் குரலாம். முதல் நாள் அதில் அவளைப் பேர் சொல்லிக் கூப்பிட்டேன். "நல்லாத்தான் இருக்கு" என்றாள். அவள் முகம் அப்படிச் சொல்லவில்லை. அன்றைக்கே அலமாரியின் மேல்தட்டில் போட்டுவிட்டேன்.

வேண்டாம் என்று தலையாட்டினேன். "கல்யாணம் ஆனதுலேர்ந்து இப்பத்தான் எதிர்ப்பேச்சு பேசாம இருக்கீங்க, அதையும் நான் ஏன் கெடுக்கணும்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். கிண்டல்தான். ஆனால் குரல் உடைந்திருந்தது.

மார்ச் 9

பரிசோதனைக்குப் போக வேண்டிய நாள். டாக்டர் ஊரில் இல்லை, அடுத்த மாதம் வரச் சொல்லிவிட்டார்கள் என்று பலகையில் எழுதிக் காட்டினேன். அவள் தோண்டித் துருவிக் கேட்பாள் என்று பயந்தேன். கேட்கவில்லை. "சரி" என்றாள். கண்ணை மூடிச் சுவரில் சாய்ந்துகொண்டாள்.

அவ்வளவு எளிதாக ஏமாந்துவிட்டாளே என்று எனக்குச் சங்கடமாகக்கூட இருந்தது.

மார்ச் 15

அவள் கையிலிருந்து டம்ளர் நழுவியது. "கை வழுக்கிடுச்சு." துடைக்கக் குனிந்தவள் எழுந்திருக்கக் கொஞ்சம் நேரம் ஆனது. நான் கப்பல்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மார்ச் 21

கரிச்சான் சொன்ன சூரியனுக்கு வந்து சேர்ந்துவிட்டேன். பணக்காரக் கப்பல்கள் வரும் இடம். நாரை இங்கே இறங்கியதை யாரோ படம் பிடித்துப் போட்டிருக்கிறார்கள். இனி இடத்தை விட்டு அசைவதாக இல்லை.

பட்டாணி அப்படியே இருக்கிறது. பெரிதாகிவிட்டதோ? தினமும் தொட்டால் எப்படித் தெரியும்.

மார்ச் 27

ஆஸ்பத்திரி வராந்தா. மச்சான் வீட்டுக்குப் போய்த் துணியோடு இந்த நோட்டையும் எடுத்து வந்தான். நேற்று நடந்ததை வரிசையாக எழுதிவிடுகிறேன். இல்லாவிட்டால் மண்டைக்குள்ளேயே சுற்றிக்கொண்டிருக்கிறது.

நேற்று அவளுக்கு விடுமுறை. துவைத்த துணியைப் பின்பக்கம் காயப்போட எடுத்துப் போனாள். நான் இறங்குதளத்தில் நின்றேன். கரிச்சானும் அங்கேயே வந்திருந்தான்.

அப்போதுதான் வந்தது. முதலில் நிழல். அப்புறம் அந்த நீளக் கழுத்து, மடங்கி விரியும் இறக்கை, சோற்றுப் பருக்கை மாதிரி வெள்ளை. எங்களுக்கு நேர் எதிரே வந்து இறங்கியது. கரிச்சான், "அண்ணாச்சி அண்ணாச்சி அண்ணாச்சி" என்று எழுதிக்கொண்டே இருந்தான். நான் ஓட்டியை நோக்கி நடந்தேன்.

பின்பக்கம் வாளி உருளும் சத்தம். அதற்குப் பின்னால் இன்னொரு சத்தம். அது வாளி இல்லை.

போனேன். ஈரத் துணி மேல் கிடந்தாள். ஒரு கண் பாதி திறந்திருந்தது. வாய் ஒரு பக்கம் இழுத்திருந்தது. தோளைப் பிடித்து உலுக்கினேன். பேரைச் சொல்லிக் கூப்பிட்டேன் — கூப்பிட்டேனா? வாயைத் திறந்தேன். காற்றுதான் வந்தது.

அவசர எண்ணுக்குப் போன் போட்டேன். "சொல்லுங்க, யார் பேசுறது? என்ன பிரச்சினை?" நான் என்ன சொல்ல? போனைத் தரையில் தட்டினேன். நாக்கைச் சொடுக்கிச் சத்தம் எழுப்பினேன். "போனை வெச்சு விளையாடாதீங்க" என்று வைத்துவிட்டார்கள். மறுபடியும் போட்டேன். மறுபடியும் வைத்துவிட்டார்கள். மச்சானுக்குச் செய்தி அனுப்பினேன். அவன் எந்த லிஃப்ட் குழிக்குள் இருந்தானோ. அலமாரியிலிருந்து அந்தக் கருவியை இழுத்து எடுத்தேன். ஒரு வருஷமாக சார்ஜ் போடவில்லை. செத்துக் கிடந்தது.

மேல் வீடு பூட்டு. எதிர் வீட்டுக் கதவை இரண்டு கையாலும் இடித்தேன், உள்ளே டிவி அலறிக்கொண்டிருந்தது. தெருவில் பைக்கில் வந்தவன் முன்னால் போய் நின்று கையை விரித்தேன். துளை மேல் இருந்த துணி எங்கேயோ விழுந்துவிட்டது போல. என் கழுத்தைப் பார்த்தான். ஒதுங்கி வேகமாகப் போய்விட்டான்.

வீட்டுக்குள் ஓடி வந்தேன். திரையில் கரிச்சான்: "எங்க போயிட்டீங்க? நாரை நிக்குது!"

கீபோர்டை எடுத்தேன். மனைவி விழுந்துவிட்டாள். என்னால் பேச முடியாது. ஆம்புலன்ஸ் கூப்பிடு. விலாசத்தை அடித்தேன். தெருப் பெயரைத் தப்பாக அடித்தேன், திரும்ப அடித்தேன். மச்சானின் எண்ணையும் போட்டேன்.

ஒரே வார்த்தை வந்தது. "கூப்பிடுறேன்."

பின்பக்கம் போய் அவள் தலையை மடியில் வைத்துக்கொண்டேன். ஆம்புலன்ஸ் வந்தது. போகும்போது திரையை யார் அணைத்தார்கள் என்று தெரியவில்லை.

மார்ச் 28

மூளையில் இரத்தக் கசிவு. தலையைத் திறந்து ஏதோ செய்திருக்கிறார்கள். கண் திறக்கவில்லை.

மச்சானைக் கூப்பிட்டுத் தகவல் சொன்னது ஒரு பெண்ணாம். "யாரு மாமா அது? போன்லயே அழுதுச்சு அந்தப் பொம்பளை. ஒவ்வொரு மணி நேரமும் கூப்பிட்டு அக்கா எப்படி இருக்காங்கன்னு கேக்குது." கரிச்சான் பெண்ணா.

மார்ச் 30

தீவிர சிகிச்சைப் பிரிவு நர்ஸ் சொன்னார்: "சும்மா பார்த்துட்டே நிக்காதீங்க சார். பேசுங்க. காது கேக்கலாம்."

சொன்ன பிறகுதான் என் கழுத்தைக் கவனித்தார். "ஸாரி சார்" என்று நகர்ந்தார்.

மச்சானிடம் பலகையில் எழுதிக் காட்டினேன்: வீட்டில் அந்தக் கருவி கீழே கிடக்கும். சார்ஜ் போட்டு எடுத்து வா.

மார்ச் 31

பேசினேன்.

கருவியைக் கழுத்தில் வைத்ததும் முதலில் வெறும் இரைச்சல்தான் வந்தது. எந்த இடத்தில் வைக்க வேண்டும் என்பதே மறந்துவிட்டது. இடம் மாற்றி மாற்றி வைத்தேன். பக்கத்துப் படுக்கைக்காரரின் மகள் திரும்பிப் பார்த்தாள். பார்க்கட்டும்.

"நான்தான்" என்றேன். தகர டப்பா வண்டு "நான்தான்" என்றது.

"நாரை வந்துச்சு. நீ விழுந்துட்ட. விட்டுட்டேன். அது போனா போகட்டும். நீ எழுந்திரு. என்னால சமையல்லாம் பண்ண முடியாது. கரண்ட் பில் எங்க கட்டுறதுன்னே எனக்குத் தெரியாது. எழுந்திரு."

வேறு என்ன பேசுவதென்று தெரியவில்லை. ஒரு வருஷத்துக்கான பேச்சு சேர்ந்து கிடக்கிறது என்று நினைத்திருந்தேன். வாயைத் திறந்தால் கரண்ட் பில் வருகிறது. அப்புறம் சந்தையைப் பற்றிச் சொன்னேன், எதிர் வீட்டு டிவியைத் திட்டினேன். நேரம் முடிந்தது என்று சொல்லும்வரை பேசினேன்.

அவள் முகத்தில் ஒன்றும் மாறவில்லை. படுக்கைப் பக்கத்து மிஷின் அவளுக்காக மூச்சு விட்டுக்கொண்டிருந்தது.

ஏப்ரல் 2

காலையில் போய்விட்டாள்.

ஏப்ரல் 3

எல்லாம் முடிந்தது. வந்தவர்கள் என் கையைப் பிடித்தார்கள். நானும் பிடித்தேன். நான் வாயசைத்தபோது ஒருவருக்கும் புரியவில்லை. என் உதட்டைப் படிக்கத் தெரிந்தவள் போய்விட்டாள் என்பது அப்போதுதான் உறைத்தது.

ஏப்ரல் 12

மச்சான் குடித்துவிட்டு வந்தான். வாசலிலேயே நின்றான்.

"எங்கக்கா விழுந்து கிடந்தப்ப நீங்க கப்பல் வாங்கிட்டு இருந்தீங்க."

நான் எழுந்திருக்கவில்லை.

"அவ தலைவலி தலைவலின்னு செத்துட்டு இருந்தா. கடையிலிருந்து மாத்திரையை எடுத்து எடுத்துப் போட்டா. ஒரு நாள், ஒரே ஒரு நாள் அவ மூஞ்சியைப் பார்த்திருப்பீங்களா நீங்க?"

கருவியை எடுத்து, "உனக்கு எப்படித் தெரியும்?" என்றேன். அந்தக் குரலை அவன் இவ்வளவு பக்கத்தில் கேட்டதில்லை. ஒரு எட்டு பின்னால் போனான்.

"சொன்னா. என்கிட்ட சொன்னா. டாக்டர்கிட்ட போலாம்னு கூப்பிட்டேன். 'அவருக்கே ஆயிரம் கஷ்டம், இதை வேற கொண்டுபோய் அவர் தலையில போடாத'ன்னு சத்தியம் வாங்கிட்டா."

சொல்லி முடித்ததும் அவனுக்கே கேட்டுவிட்டது, தான் என்ன சொல்லிவிட்டோம் என்று. அப்படியே வாசற்படியில் உட்கார்ந்துவிட்டான். தெரிஞ்சும் விட்டுட்டேன் மாமா, தெரிஞ்சும் விட்டுட்டேன் என்று தலையில் அடித்துக்கொண்டான்.

எனக்கு வந்த கோபத்துக்கு அவனைக் கொன்றிருக்கலாம். நிஜமாகவே எழுந்து போனேன். சமையலறையில் குசுகுசுவென்று பேசியது இதுவா? என் உடம்பைப் பற்றி என்று நினைத்தேனே, என்னைத் தவிர அந்த வீட்டில் யாருக்கும் உடம்பே இல்லாத மாதிரி.

கிட்டே போனதும் கை எழவில்லை. நான் யாரை அடிக்க. பக்கத்தில் உட்கார்ந்து அவன் கையை இழுத்து என் கழுத்தில் வைத்தேன், அந்த இடத்தில். அவன் விரல் அதைத் தொட்டு நின்றது.

"எப்பலேர்ந்து?"

பதில் சொன்னேன்.

"அக்காவுக்குத் தெரியுமா?"

தெரியாது.

அவன் கையை எடுத்துக்கொண்டான். "நல்ல குடும்பம் மாமா நம்ம குடும்பம்" என்றான்.

ஏப்ரல் 15

மச்சான் என்னைப் பிடித்து இழுக்காத குறையாக ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனான். ஊசி போட்டுச் சதை எடுத்தார்கள். அவள் வழக்கமாக உட்காரும் நாற்காலியில் அவன் உட்கார்ந்திருந்தான்.

ஏப்ரல் 24

ஒன்றும் இல்லையாம். ஆபரேஷன் தழும்பு உள்ளே கட்டிதட்டிப் போயிருக்கிறது, அவ்வளவுதான் என்றார் டாக்டர். "பயப்படாதீங்க, நல்லா இருக்கீங்க."

நல்லா இருக்கேன். எனக்கு ஆயுசு இருக்காம். இதை எங்கே கொண்டுபோய் வைப்பது? இதைச் சொல்ல வீட்டுக்கு வந்து, செருப்பைக் கழற்றி, உள்ளே எட்டிப் பார்த்து — ச்சே.

அன்றைக்கே சொல்லியிருந்தால் அவளும் என்னோடு ஆஸ்பத்திரிக்கு வந்திருப்பாள். வந்த இடத்தில் டாக்டர் அவள் முகத்தையும் பார்த்திருப்பாரோ? பார்த்திருக்கவும் மாட்டார். யாருக்குத் தெரியும். நினைக்காமல் இருக்க முடியவில்லை.

மே 6

ஒன்றும் எழுதத் தோன்றவில்லை.

மே 19

பெட்டியைப் போட்டேன். கடைசியாக நின்ற அதே தளத்தில்தான் நின்றேன். எதிரே நாரை இறங்கிய இடம் காலி. கரிச்சான் விட்டுவிட்டுப் போன செய்திகள் வரிசையாக இருந்தன. தினம் ஒன்று. "அண்ணாச்சி இருக்கீங்களா." "இன்னிக்கும் வந்து பார்த்தேன்."

கொஞ்ச நேரத்தில் அவளே வந்தாள். சுங்கச்சாவடியில் சீட்டுக் கொடுக்கும் வேலையாம். மதியத்துக்கு மேல்தான் ஷிப்ட், அதனால்தான் காலையில் விளையாடுகிறாள். நாள் முழுவதும் ஆயிரம் பேரோடு பேசியும், "சில்லறை இருக்கா"வைத் தவிர ஒரு வார்த்தை கிடையாது என்று எழுதினாள்.

அன்றைக்கு ஆம்புலன்ஸுக்குப் பேசும்போது அந்த வீட்டுக்கு நீங்கள் என்ன உறவு என்று கேட்டார்களாம். "உங்க தங்கச்சின்னு சொல்லிட்டேன். தப்பா எடுத்துக்காதீங்க."

தப்பில்லை என்று எழுதினேன். அந்த நாரையை நீயாவது வாங்கியிருக்கலாமே என்று கேட்டேன்.

"அதை யார் பார்த்தா. போனைத் தேடிட்டு இருந்தேன்."

ஜூன் 8

ஞாயிற்றுக்கிழமை. மச்சான் வந்திருந்தான். இப்போதெல்லாம் ஞாயிறு தவறாமல் வருகிறான். நான் வைத்த சோறு குழைந்துவிட்டது. "இதை சுவத்துல பூசலாம் மாமா" என்று சொல்லிக்கொண்டே இரண்டாம் தடவை போட்டுக்கொண்டான். குடிப்பதில்லை என்கிறான். நம்புகிறேன். கேட்டுக்கொண்டே இருப்பேன் என்றும் சொல்லி வைத்திருக்கிறேன். அவனும் என்னைக் கேட்கிறான். தலை வலிக்குதா, கழுத்து எப்படி இருக்கு, உள்ளதைச் சொல்லுங்க. போலீஸ்காரன் தோற்றான்.

சாப்பிட்டபின் ரிமோட்டை வாங்கிக்கொண்டான். "நான் ஓட்டிப் பார்க்கிறேன்." நான் தட்டைக் கழுவப் போனேன். திரும்பி வந்து பார்த்தால் நிலையத்தில் ஒரு சரக்குக் கப்பல் பக்கத்தில் நிற்கிறான். வயிறு பெருத்து, மூக்கு சப்பி, பழுப்பு நிறத்தில், பார்க்கவே சகிக்காத கப்பல். நாரைக்காக நான் எத்தனையோ மாதமாகச் சேர்த்து வைத்திருந்த மொத்தத்தையும் கொட்டி அதை வாங்கிவிட்டான்.

"வாங்கவான்னு கேட்டுச்சு மாமா. சரின்னு அமுக்கிட்டேன்." என் முகத்தைப் பார்த்துக் குரல் இறங்கியது. "நல்ல கப்பல்தானே?"

எங்கிருந்து வந்ததென்று தெரியவில்லை, பொங்கிக்கொண்டு வந்தது. சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். துளையில் காற்று புஸ் புஸ்ஸென்று வருகிறது, தோள் குலுங்குகிறது, கண்ணில் தண்ணீர் கொட்டுகிறது. மச்சான் பயந்து எழுந்துவிட்டான்.

"மாமா... சிரிக்கிறீங்களா, அழுறீங்களா? சத்தம் இல்லாம எனக்கு எப்படித் தெரியும்?"

கருவி கையெட்டும் தூரத்தில்தான் இருந்தது. எடுக்கவில்லை. எடுத்தாலும் என்ன சொல்ல. எனக்கே தெரியவில்லையே.

அவன் ஒரு கையால் என்னைப் பிடித்துக்கொண்டான். இன்னொரு கையில் ரிமோட் இருந்தது.

ஜூன் 15

அந்தக் கப்பலிலேயே கரிச்சானைப் பார்க்கப் போனோம். ரொம்ப மெதுவாகத்தான் போகிறது. இரண்டு பேர் உட்கார இடமிருக்கிறது.